‘எம்மிலூ’: ஒரு பாட்டும் அது கொண்டாடும் பாடகிகளும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஸ்வீடனைச் சேர்ந்த ‘ஃபர்ஸ்ட் எய்ட் கிட்’ என்ற அக்கா தங்கை ஜோடி 2012ல் வெளியிட்ட பாட்டு ‘எம்மிலூ’. தங்களுக்கு இரண்டு தலைமுறை முன்பு பாடிய அமெரிக்கப் பாடகிகளான எம்மிலூ ஹாரிஸையும் ஜூன் கார்ட்டரையும் பெயர் சொல்லி அழைக்கும் பாட்டு இது. மெட்டு பிடித்துப்போய் பத்து முறை கேட்டுவிட்டு, ‘சரி, இந்த எம்மிலூ யார்? ஜூன் யார்?’ என்று கேட்பவர்கள் நிறையப் பேர். அவர்களுக்காகத்தான் இந்தப் பக்கம்.

பாடியவர்கள் யார்?

யொஹானா சோடர்பெர்க், கிளாரா சோடர்பெர்க். ஸ்டாக்ஹோமின் தெற்குப் புறநகரில் வளர்ந்தவர்கள். யொஹானா 1990ல் பிறந்தவர், கிளாரா 1993ல். அப்பா பெங்க்ட் ஒரு காலத்தில் ‘லோலிட்டா பாப்’ என்ற ஸ்வீடன் ராக் குழுவில் இருந்தவர். பிறகு பள்ளி ஆசிரியரானார். 2008ல் ‘ஃப்ளீட் ஃபாக்சஸ்’ குழுவின் பாட்டு ஒன்றை இருவரும் காட்டுக்குள் உட்கார்ந்து பாடி யூடியூபில் போட்டார்கள். அந்தக் காணொளிதான் அவர்களை ஸ்வீடனுக்கு வெளியே கொண்டுபோனது.

‘எம்மிலூ’ இடம்பெற்ற ஆல்பம் ‘தி லயன்ஸ் ரோர்’. அமெரிக்காவில் நெப்ராஸ்கா மாநிலத்தின் ஒமாஹா நகரில் மைக் மோகிஸ் தயாரிப்பில் பதிவானது. 2012 ஜனவரியில் வெளியாகி ஸ்வீடன் ஆல்பம் பட்டியலில் முதலிடம் பிடித்தது. அப்போது கிளாராவுக்கு வயது 19.

பாட்டு என்ன சொல்கிறது?

தொடக்கத்தில் ஸ்டாக்ஹோமின் குளிர். கோடை போய்விட்டது, வாடைக்காற்று வந்துவிட்டது. பாடுகிற பெண் ஒருவரிடம் மனம் திறந்து பேசுகிறாள். அவரோ எளிதில் பிடி கொடுக்காத ஆள். பல்லவியில் அவள் கேட்பது ஒன்றுதான்: நான் உனக்கு எம்மிலூவாகவும் ஜூனாகவும் இருக்கிறேன், நீ எனக்கு கிராமாகவும் ஜானியாகவும் இரு; பெரிதாக எதுவும் கேட்கவில்லை, என்னோடு சேர்ந்து பாடு, போதும்.

கிராம் என்றால் கிராம் பார்சன்ஸ். எம்மிலூவோடு பாடியவர். ஜானி என்றால் ஜானி கேஷ், ஜூனோடு பாடியவர், அவருடைய கணவரும்கூட. காதலைக் கேட்க வேண்டிய இடத்தில் சேர்ந்து பாடுவதைக் கேட்பதுதான் இந்தப் பாட்டின் உயிர். இதை எழுதியவர்களுக்குப் பழைய இசைத்தட்டுகள் மீது எவ்வளவு ஆழமான பிடிப்பு இருந்திருக்க வேண்டும் என்பது இந்த ஒரு வேண்டுகோளிலேயே தெரிகிறது.

ஸ்வீடன் பெண்களுக்கு அமெரிக்க கன்ட்ரி இசை (தென்மாநில நாட்டுப்புற வேர் கொண்ட இசை) எப்படி வந்து சேர்ந்தது?

ஒரு பாடகரைப் பிடித்து அவருக்கு முந்தையவரிடம், அவரிடமிருந்து இன்னும் முந்தையவரிடம் என்று பின்னோக்கிப் போய்த்தான். கிளாரா பன்னிரண்டு வயதில் ‘பிரைட் ஐஸ்’ குழுவைக் கேட்டார். அதன் பாடகர் கோனார் ஓபர்ஸ்ட். அவரைப் பிடித்ததும், அவருக்கு யாரைப் பிடிக்கும் என்று தேடி பாப் டிலனிடம் போனார்; அப்படியே கார்ட்டர் குடும்பம், லூவின் பிரதர்ஸ், கிராம் பார்சன்ஸ், எம்மிலூ ஹாரிஸ். நல்ல ரசிகர்கள் எல்லா ஊரிலும் இப்படித்தான் உருவாகிறார்கள். பின்னாளில் ஓபர்ஸ்ட் அவர்களோடு சேர்ந்து ‘தி லயன்ஸ் ரோர்’ ஆல்பத்தின் கடைசிப் பாட்டில் பாடினார். ஆல்பத்தைத் தயாரித்த மைக் மோகிஸும் பிரைட் ஐஸ் குழுக்காரர்தான்.

ஊர் வேறு, மொழி வேறு என்பது இங்கே ஒரு நன்மையும் செய்திருக்கிறது. கன்ட்ரி இசையின் தலைநகரான நாஷ்வில்லில் பிறந்து வளர்ந்த பெண்ணுக்கு எம்மிலூ வானொலியில் எப்போதும் ஒலிக்கிற பெயர். ஸ்டாக்ஹோமில் ஒருத்தி அவரைத் தேடிப் போய்த்தான் கண்டுபிடிக்க வேண்டும். அந்தத் தேடலின் ஆசை பாட்டில் அப்படியே இருக்கிறது.

எம்மிலூ ஹாரிஸ் யார்?

1947ல் அலபாமா மாநிலத்தின் பர்மிங்காமில் பிறந்தவர். அப்பா கடற்படைப் பிரிவு வீரர். கொரியப் போரில் பல மாதங்கள் போர்க்கைதியாக இருந்து மீண்டவர். எம்மிலூ நாடகம் படிக்கக் கல்லூரிக்குப் போய், பாதியில் விட்டுவிட்டு, 60களின் பிற்பகுதியில் நியூயார்க்கின் ஃபோக் (நாட்டுப்புறப் பாணி இசை) மேடைகளுக்கு வந்தார். முதல் ஆல்பம் எடுபடவில்லை. திருமணம் முறிந்தது. கைக்குழந்தையோடு வாஷிங்டன் பக்கம் பெற்றோர் வீட்டுக்குத் திரும்பினார். அங்கே சின்னச் சின்ன மதுக்கூடங்களில் பாடிக்கொண்டிருந்தவரை 1971ல் ‘ஃப்ளையிங் புரிட்டோ பிரதர்ஸ்’ குழுவினர் கேட்டார்கள். அந்தக் குழுவின் முன்னாள் உறுப்பினர்தான் கிராம் பார்சன்ஸ். தன்னோடு பாட ஒரு பெண்குரலைத் தேடிக்கொண்டிருந்தார். செய்தி அவரிடம் போனது.

இருவரும் சேர்ந்து பாடிய ஆல்பங்கள் இரண்டே: 1973ல் ‘ஜிபி’, 1974 ஜனவரியில் ‘கிரீவஸ் ஏஞ்சல்’. இரண்டாவது வெளிவந்தபோது கிராம் உயிரோடு இல்லை. 1973 செப்டம்பர் 19ல், 26 வயதில், கலிஃபோர்னியாவின் ஜாஷுவா ட்ரீ பகுதியில் ஒரு விடுதி அறையில் அளவுக்கு மீறிய போதைப்பொருளால் இறந்துபோனார்.

ஃபோக் பாடகியாக இருந்த எம்மிலூவுக்கு கன்ட்ரி இசையை அதன் பழைய ஆழத்தோடு காட்டியவர் கிராம். அவர் போனபின் அதைத் தன் தோளில் தூக்கிக்கொண்டார் எம்மிலூ. 1975ல் ‘பீசஸ் ஆஃப் த ஸ்கை’ வந்தது. அதிலிருந்து லூவின் பிரதர்ஸின் பழைய பாட்டொன்று கன்ட்ரி பட்டியலில் நான்காம் இடம் வரை போனது. அதே ஆல்பத்தில்தான் கிராமின் மரணத்தைப் பற்றி அவர் பில் டானஃபுடன் எழுதிய ‘போல்டர் டு பர்மிங்காம்’ இருக்கிறது. இழப்பைப் பற்றி ஆங்கிலத்தில் எழுதப்பட்ட பாட்டுகளில் இதற்கு மேல் ஒன்றை நான் வைக்க மாட்டேன்.

எல்விஸ் பிரெஸ்லியோடு வாசித்த ஜேம்ஸ் பர்ட்டன், க்ளென் டி. ஹார்டின் போன்றவர்களைச் சேர்த்து அவர் கட்டிய குழு ‘ஹாட் பேண்ட்’. அதற்குப் பிறகு நடந்ததையெல்லாம் எழுதினால் இந்தப் பக்கம் போதாது. பாப் டிலனின் ‘டிசையர்’ ஆல்பத்தில் அவருடைய துணைக்குரல், 1987ல் டாலி பார்ட்டன், லிண்டா ரான்ஸ்டாட் இருவரோடும் ‘ட்ரியோ’, 1995ல் டேனியல் லன்வா தயாரிப்பில் ‘ரெக்கிங் பால்’. ஐம்பதை நெருங்கும் வயதில், கன்ட்ரி வானொலி தன்னைக் கைவிட்டுவிட்ட சமயத்தில், முழுக்கப் புதிய ஒரு ஒலிக்குள் அவர் நுழைந்தது ‘ரெக்கிங் பால்’ ஆல்பத்தில்தான். இதுவரை 14 கிராமி விருதுகள். 2008ல் கன்ட்ரி மியூசிக் ஹால் ஆஃப் ஃபேமில் இடம்.

இன்னொரு விஷயமும் சொல்ல வேண்டும். நாஷ்வில்லின் ரைமன் அரங்கம் பாழடைந்து கிடந்த காலத்தில், 1991ல் அங்கே போய்ப் பாடி அதை நேரடிப் பதிவாக வெளியிட்டவர் எம்மிலூ. அந்த அரங்கம் பிறகு புதுப்பிக்கப்பட்டதற்கு அந்த நிகழ்ச்சி ஒரு முக்கியமான தூண்டுதல் என்று நாஷ்வில்காரர்களே சொல்வார்கள்.

எம்மிலூவும் கிராமும் காதலர்களா?

பாட்டில் ஜூனும் ஜானியும் பக்கத்திலேயே வருவதால் பலர் அப்படி நினைத்துக்கொள்கிறார்கள். கிராம் வேறொருவரை மணந்திருந்தார். எம்மிலூவும் அவரும் சேர்ந்து வேலை செய்தவர்கள், பாட்டில் ஒருவரை ஒருவர் முழுக்க உணர்ந்தவர்கள். ஒரு தம்பதியையும் தம்பதியல்லாத ஒரு ஜோடியையும் ஒரே வரிசையில் வைக்கிறது இந்தப் பாட்டு. சேர்ந்து பாடுவது என்ற உறவுக்கு அது தருகிற இடம் அது.

ஜூன் கார்ட்டர் என்றால் ஜானி கேஷின் மனைவிதானே?

மனைவிதான். ஆனால் அங்கிருந்து தொடங்கினால் அவருடைய கதையில் பாதிக்கு மேல் விட்டுப்போகும்.

1927 ஆகஸ்ட் தொடக்கத்தில், டென்னசியும் வர்ஜீனியாவும் சந்திக்கிற பிரிஸ்டல் என்ற ஊரில், விக்டர் நிறுவனத்துக்காக ரால்ஃப் பியர் என்பவர் உள்ளூர்ப் பாடகர்களைப் பதிவு செய்தார். அங்கே ‘கார்ட்டர் குடும்பம்’ என்ற குழுவாகப் பாட வந்த மூவர் ஏ.பி. கார்ட்டர், அவர் மனைவி சாரா, சாராவின் ஒன்றுவிட்ட சகோதரி மேபெல். மேபெலுக்கு அப்போது 18 வயது, கர்ப்பிணி. அந்த நிலையில் மலைப்பாதையில் காரில் வந்து அவர் வாசித்த கிட்டார்தான் பின்னாளில் கன்ட்ரி கிட்டாருக்கே அடித்தளம் ஆனது. கட்டைவிரலால் தடித்த தந்திகளில் மெட்டை எடுத்துக்கொண்டு, மற்ற விரல்களால் மெல்லிய தந்திகளில் தாளத்தை உரசிக்கொண்டே போவார். ‘கார்ட்டர் ஸ்க்ராட்ச்’ என்று அதற்குப் பெயரே உண்டு. இன்று கிட்டார் பழகுகிறவர்கள் பலர், யார் கண்டுபிடித்தது என்று தெரியாமலே அதை வாசிக்கிறார்கள்.

மேபெலின் இரண்டாவது மகள் ஜூன். 1929ல் வர்ஜீனியாவின் மேசஸ் ஸ்பிரிங்கில் பிறந்தார். பத்து வயதிலேயே, மெக்சிகோ எல்லைக்கு அப்பாலிருந்து ஒலிபரப்பிய சக்திவாய்ந்த வானொலி நிலையத்தில் குடும்பத்தோடு பாடினார். 1943ல் மூத்த குழு கலைந்ததும் மேபெல் தன் மூன்று மகள்களான ஹெலன், ஜூன், அனிட்டா ஆகியோரோடு புதிய குழு தொடங்கினார். 1950ல் நாஷ்வில்லின் புகழ்பெற்ற ‘கிராண்ட் ஓல் ஓப்ரி’ மேடைக்கு வந்தார்கள். கூட கிட்டார் வாசித்தவர் செட் அட்கின்ஸ்.

சகோதரிகளில் அனிட்டாவின் குரல்தான் மிக அழகானது என்பார்கள். ஜூன் வேறு வழி கண்டார். மேடையில் பேசிச் சிரிக்க வைத்தார், ஆடினார், ஆட்டோஹார்ப் என்ற தந்திவாத்தியம் வாசித்தார். 50களில் நியூயார்க் போய் நடிப்பு படித்தார். மெர்ல் கில்கோருடன் சேர்ந்து ‘ரிங் ஆஃப் ஃபயர்’ எழுதினார். அதை முதலில் பாடிப் பதிவு செய்தவர் தங்கை அனிட்டா. 1963ல் ஜானி கேஷ் பாடியபோதுதான் ஊரெல்லாம் பரவியது. ஜானி கேஷ் என்றதும் உலகம் முதலில் முணுமுணுக்கிற பாட்டே ஜூன் பேனாவிலிருந்து வந்தது என்பதை ஒவ்வொரு முறையும் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும்.

1967ல் இருவரும் சேர்ந்து பாடிய ‘ஜாக்சன்’ கிராமி வாங்கியது. 1968 மார்ச் 1ல் திருமணம். ஜூனின் சொந்த ஆல்பம் ‘பிரஸ் ஆன்’ 1999ல், அவருடைய 70வது வயதில் வந்து கிராமி வென்றது. 2003 மே மாதம் காலமானார். நான்கே மாதத்தில் ஜானியும்.

பெண்களைக் கொண்டாட வந்த பாட்டு, அவர்களை ஆண்களோடு ஜோடி சேர்த்துத்தான் கொண்டாட வேண்டுமா?

நியாயமான கேள்வி. பாட்டின் மீது வைக்கப்படும் முக்கியமான குறையும் இதுதான். எம்மிலூ என்றால் கிராமோடு, ஜூன் என்றால் ஜானியோடு. தனியாக நின்றால் போதாதா?

என் பதில் இது. முதலில், பாட்டின் பெயரைப் பாருங்கள். ‘கிராம்’ என்றோ ‘ஜானி’ என்றோ வைக்கவில்லை. பல்லவியிலும் பெண்கள் பெயர்கள்தான் முன்னால் வருகின்றன. ஆண்கள் பின்னால் வந்து சேர்ந்துகொள்கிறார்கள். இசைத்தட்டு உறைகளில் நடந்தது இதற்கு நேர் எதிர். ‘கிரீவஸ் ஏஞ்சல்’ ஆல்பத்தைக் கேட்டுப் பாருங்கள். பாதிக்கு மேற்பட்ட இடங்களில் எம்மிலூவின் குரல் கிராமின் குரலுக்குச் சமமாகவே நிற்கிறது. ஆனால் முன்னட்டையில் கிராமின் பெயரும் முகமும் மட்டும்தான்.

கன்ட்ரி இசையில் பெண்கள் நெடுங்காலம் இருந்த இடம் அதுதான். ஆணின் பெயரில் வரும் நிகழ்ச்சியில் ‘கூடப் பாடுகிற பெண்’. அந்தக் கூடப் பாடுகிற வேலைக்கு எவ்வளவு ஞானம் வேண்டும் என்பது கேட்டுப் பழகியவர்களுக்குத் தெரியும். முதல் குரல் எங்கே மூச்சு விடுகிறது, எந்தச் சொல்லை இழுக்கிறது, எங்கே தயங்குகிறது என்பதையெல்லாம் கணத்துக்குக் கணம் உணர்ந்து, கூடவே தன் பாதையையும் விடாமல் போக வேண்டும். சோடர்பெர்க் சகோதரிகள் கொண்டாடுவது இந்த வேலையைத்தான். ‘நான் எம்மிலூவாக இருக்கிறேன்’ என்று சொல்லும்போது அந்தப் பெண் ஆணின் நிழலில் நிற்க ஆசைப்படவில்லை. இருக்கிற வேலைகளிலேயே கடினமான வேலையை நான் செய்கிறேன் என்று முன்வருகிறாள்.

‘நீ என் ஜானியாக இரு’ என்று கேட்கிறார்கள், ஆனால் பாட்டில் ஆண்குரலே இல்லையே?

இல்லை, அதுதான் இதில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம். என்னோடு சேர்ந்து பாடு என்று கிளாரா கேட்கிறார். கேட்ட அந்த நொடியிலேயே சேர்ந்து பாடுவது அக்கா யொஹானா. யாரையோ எதிர்பார்த்துக் கேட்ட கேள்விக்கு வீட்டிலிருந்தே பதில் வந்துவிடுகிறது.

உடன்பிறந்தவர்கள் சேர்ந்து பாடுவது கன்ட்ரி இசையின் மிகப் பழைய வழக்கம். கார்ட்டர் சகோதரிகள், லூவின் பிரதர்ஸ், எவர்லி பிரதர்ஸ் எல்லோரும் அப்படித்தான். ஒரே வீட்டில் வளர்ந்ததால் உச்சரிப்பு ஒன்றாக இருக்கும். தொண்டையின் அமைப்பும் ஒத்துப்போகும். இரண்டு குரல் எங்கே ஒட்டுகிறது என்றே சில இடங்களில் பிரித்துச் சொல்ல முடியாது.

ஹார்மனியை எப்படிக் கேட்பது? எனக்கு இரண்டு குரலும் ஒன்றாகத்தான் கேட்கிறது.

நம் காது ஒற்றை மெட்டுக்குப் பழகியது. கர்நாடகக் கச்சேரியில் இருவர் சேர்ந்து பாடினாலும் இருவரும் ஒரே சுரத்தில்தான் போவார்கள். ஹார்மனியில் அப்படி இல்லை. ஒருவர் மெட்டைப் பாடுவார். மற்றவர் அதே சொல்லை அதே நேரத்தில் வேறு சுரத்தில் பாடுவார். பெரும்பாலும் இரண்டு சுரம் தள்ளி: முதல் குரல் ‘ஸ’வில் நின்றால் இரண்டாவது ‘க’வில் நிற்கும். முதல் குரல் நகர்ந்தால் இதுவும் நகரும். ஆனால் எல்லா இடத்திலும் அதே இடைவெளியில் அல்ல. பின்னால் ஒலிக்கிற கார்டுக்கு (சேர்ந்து ஒலிக்கும் சுரக்கூட்டுக்கு) பொருந்துகிற மாதிரி சில இடங்களில் நெருங்கும், சில இடங்களில் விலகும்.

ஒரு வழி சொல்கிறேன். ஹெட்போன் போட்டுக்கொண்டு முதல் சரணத்தைக் கேளுங்கள்; அங்கே கிளாராவின் குரலை நன்றாக மனதில் பதித்துக்கொள்ளுங்கள். பல்லவி வரும்போது அந்தக் குரலை வேண்டுமென்றே விட்டுவிட்டு மற்றதைத் தேடுங்கள். ஒருமுறை பிடிபட்டுவிட்டால் அப்புறம் விடாது. பிறகு கிராமும் எம்மிலூவும் பாடிய ‘லவ் ஹர்ட்ஸ்’ கேளுங்கள். அங்கே ஆண்குரல் கீழே, பெண்குரல் மேலே என்பதால் இரண்டையும் பிரித்துக் கேட்பது இன்னும் எளிது. அந்தப் பாட்டில் எம்மிலூவை மட்டும் தொடர்ந்து ஒருமுறை கேட்டுவிட்டால், துணைக்குரல் என்றால் ஏதோ நிரப்புக்குரல் என்ற எண்ணம் போய்விடும்.

இது கன்ட்ரியா, பாப்பா, ஃபோக்கா?

கடைகளில் ‘இண்டி ஃபோக்’ அலமாரியில்தான் வைத்தார்கள். கேட்டால் மூன்றும் இருக்கிறது. நீண்டு இழையும் அந்தக் கம்பி ஓசை பெடல் ஸ்டீல் கிட்டார். கன்ட்ரிக்கே உரிய வாத்தியம். பல்லவியோ ஒருமுறை கேட்டாலே வாயில் ஒட்டிக்கொள்கிற பாப் பல்லவி. யொஹானா அந்த நாட்களில் மேடையில் ஆட்டோஹார்ப் வாசிப்பார். மேபெலும் ஜூனும் வாசித்த அதே வாத்தியம். பெயர் எதுவாக இருந்தாலும் பாட்டுக்கு ஒன்றும் குறையாது.

வீடியோவில் ஏன் பாலைவனம்? பாட்டு ஸ்டாக்ஹோம் குளிரைப் பற்றியதுதானே?

அது ஜாஷுவா ட்ரீ பாலைவனம். கிராம் இறந்த இடம். அவருடைய உடலை லாஸ் ஏஞ்சலஸ் விமான நிலையத்திலிருந்து நண்பர் ஃபில் காஃப்மன் கடத்திக்கொண்டுபோய், ‘நான் இறந்தால் அங்கேதான்’ என்று கிராம் சொல்லியிருந்த அந்தப் பாலைவனத்திலேயே கேப் ராக் என்ற பாறையருகே எரித்தார். ராக் இசை உலகில் பெரிய கதையாகப் பேசப்படும் சம்பவம் இது. சகோதரிகள் அந்த இடத்துக்கே போய் எடுத்தது ஓர் அஞ்சலி.

எம்மிலூ ஹாரிஸ் இவர்கள் பாடி நேரில் கேட்டிருக்கிறாரா?

கேட்டிருக்கிறார், அதுவும் அவர்களுடைய ஊரிலேயே. ஸ்வீடனில் போலார் இசைப் பரிசு என்று ஒன்று உண்டு. ‘அபா’ குழுவின் மேலாளர் ஸ்டிக் ஆண்டர்சன் தொடங்கியது, ஸ்வீடன் மன்னர் கையால் வழங்கப்படுவது. விருது பெறுபவர் முன்னிலையில் அவருடைய பாட்டை வேறொருவர் பாடுவது அங்கே மரபு. 2011ல் பாட்டி ஸ்மித்துக்காகவும் 2012ல் பால் சைமனுக்காகவும் சகோதரிகள் பாடினார்கள். 2015ல் விருது எம்மிலூ ஹாரிஸுக்கு. அவர் முன்னால் அவர்கள் பாடியது ‘ரெட் டர்ட் கேர்ள்’. எம்மிலூ எழுதி 2000ல் வெளியிட்ட பாட்டு அது. அலபாமா, மிசிசிப்பி பக்கத்துச் செம்மண் பூமியில் வளர்ந்த ஒரு தோழியின் வாழ்க்கையைச் சொல்வது. யூடியூபில் கிடைக்கிறது, அவசியம் பாருங்கள்.

அவர்கள் தேர்ந்தெடுத்த பாட்டும் கவனிக்க வேண்டியது. எம்மிலூவின் பெரும்பாலான புகழ்பெற்ற பாட்டுகள் மற்றவர்கள் எழுதியவை. அவர் தன் சொந்தப் பாட்டுகளை அதிகமாக எழுதிப் பாடிய ஆல்பத்திலிருந்து எடுத்துப் பாடினார்கள். அந்த மேடையில் அவரைப் பாட்டெழுதுபவராக மதித்த செயல் அது.

முந்தைய பாடகிகளைக் கொண்டாடும் வேறு பாட்டுகள், ஆல்பங்கள் உண்டா?

நிறைய உண்டு. கன்ட்ரி இசையில் பெண்கள் தங்களுக்கு முன்னால் பாடியவர்களை நினைவுகூர்வதை ஒரு கடமையாகவே செய்துவந்திருக்கிறார்கள்.

இந்த வரிசைக்குத் தொடக்கம் என்று கிட்டி வெல்ஸைச் சொல்லலாம். 1952ல், ஓர் ஆண் பாடகரின் பாட்டு பெண்ணைக் குறை சொன்னதற்குப் பதிலாக ‘இட் வாஸ்ன்ட் காட் ஹூ மேட் ஹாங்கி டாங்க் ஏஞ்சல்ஸ்’ பாடினார். பெண்கள் கெட்டுப்போவதற்கு ஆண்களே காரணம் என்று நேராகச் சொன்ன பாட்டு. சில வானொலிகள் ஒலிபரப்ப மறுத்தன. அப்படியும் பில்போர்டு கன்ட்ரி பட்டியலில் முதலிடம் பிடித்த முதல் தனிப் பாடகி ஆனார்.

1963ல் கன்ட்ரி பாடகி பேட்சி க்ளைன் விமான விபத்தில் இறந்தார். அவருடைய நெருங்கிய தோழி லோரெட்டா லின் 1977ல் பேட்சியின் பாட்டுகளை மட்டும் பாடி ஓர் ஆல்பம் வெளியிட்டார். 1988ல் கனடாவின் பாடகி கே.டி. லாங், பேட்சியின் தயாரிப்பாளர் ஓவன் பிராட்லியை ஓய்விலிருந்து அழைத்து வந்து ‘ஷேடோலேண்ட்’ செய்தார். அதன் கடைசியில் கிட்டி வெல்ஸ், லோரெட்டா லின், பிரெண்டா லீ மூவரும் அவரோடு பாடுகிறார்கள். 1993ல் டாலி பார்ட்டன், லோரெட்டா லின், டாமி வைனெட் மூவரும் சேர்ந்து ‘ஹாங்கி டாங்க் ஏஞ்சல்ஸ்’ என்றே ஆல்பத்துக்குப் பெயர் வைத்து, கிட்டி வெல்ஸையும் கூப்பிட்டுப் பாட வைத்தார்கள்.

2021ல் லோரெட்டா, தன் 89வது வயதையொட்டி, ரீபா மெக்கன்டயர், கேரி அண்டர்வுட் இருவரையும் அருகில் நிறுத்தி ‘ஸ்டில் வுமன் இனஃப்’ பாடினார். அங்கே திசை மாறுகிறது: மூத்தவர் இளையவர்களை அழைத்துப் பாடுகிறார். ஃபர்ஸ்ட் எய்ட் கிட் பாட்டை இவை எல்லாவற்றோடும் சேர்த்துக் கேட்டால், ஸ்டாக்ஹோமிலிருந்து வந்த அந்த இரண்டு குரல்களும் இந்த வரிசையில் இயல்பாகவே சேர்ந்துகொள்வது தெரியும்.

எதிலிருந்து கேட்கத் தொடங்கலாம்?

எம்மிலூவுக்கு ‘பீசஸ் ஆஃப் த ஸ்கை’. அதன்பின் நேராக இருபது வருடம் தாண்டி ‘ரெக்கிங் பால்’. இரண்டிலும் இருப்பது ஒரே பெண் என்பது முதலில் நம்ப முடியாததாக இருக்கும். கன்ட்ரியே பிடிக்காது என்பவர்களுக்கும் இரண்டாவதைத் தயங்காமல் கொடுக்கலாம். ‘ட்ரியோ’வை ஹார்மனி பிடிபட்டபின் கேளுங்கள், மூன்று குரல்களைப் பிரிப்பது கொஞ்சம் பயிற்சி கேட்கும்.

ஜூனுக்கு, ‘ஜாக்சன்’ எல்லோருக்கும் தெரிந்தது என்பதால் அதைக் கடைசியில் வைத்துக்கொள்ளலாம். முதலில் ‘பிரஸ் ஆன்’. குரல் வயதாகித் தேய்ந்திருக்கும், சில இடங்களில் சுருதி தள்ளாடும். அதைப் பொருட்படுத்தாதீர்கள். ‘ரிங் ஆஃப் ஃபயரை’ எழுதியவரே பாடுவதை அதில் கேட்கலாம், ஜானியின் பதிவிலுள்ள ட்ரம்பெட் எதுவும் இல்லாமல், மலைநாட்டு வாத்தியங்களோடு.